தெற்குச் சுவரில் மாட்டிய இந்தியா

முதலிலேயே மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். என் கையெழுத்து நன்றாக இருக்காது, எழுத்துப் பிழையும் இருக்கும். அஞ்சாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவன் நான். போர்டு எழுதிப் பிழைக்கிறவனுக்குக் கையெழுத்து மோசமா என்று கேட்பீர்கள். போர்டு எழுத்து வேறு. அதில் ஒரு 'க' முக்கால் அடி உயரம் நிற்கும். நூல் அடித்து, பென்சிலால் கோடு போட்டு, எச்சில் விழுங்கிவிட்டுத்தான் பிரஷ்ஷைத் தொடுவேன். பேனாவுக்கு அந்த மரியாதை எல்லாம் கிடையாது, அது என் கையில் நழுவி ஓடுகிறது. கோடு போட்ட நோட்டிலேயே என் எழுத்து மலை ஏறுகிறது. வாயால் சொல்லிவிடலாம் என்றால், நாலு பேர் முன்னால் எனக்குப் பேச்சு வராது. பிழை கண்ட இடத்தில் நீங்களே திருத்தி வாசித்துக்கொள்ளுங்கள்.

நான் எழுதப்போவது ஒரு அண்ணாச்சியைப் பற்றி. பெயர் வேண்டாம். தொண்ணூறுகளில் தச்சநல்லூர் பைபாஸ் ரோட்டில் அண்ணாச்சி என்றால் அவர் ஒருவர்தான். லாரி புக்கிங் ஆபீஸ் வைத்திருந்தார். ஏரல் வாழைத்தார், திசையன்விளை முருங்கைக்காய், தூத்துக்குடி உப்பு, கோவில்பட்டித் தீப்பெட்டி எல்லாம் அவர் கை வழியாக லாரி ஏறும். குட்டையான ஆள். சட்டைப் பையில் எப்போதும் ஒரு நூல்கண்டு வைத்திருப்பார். நூல்கண்டு எதற்கு என்று பிறகு தெரியும்.

அவருக்கு எதிலும் கடைசி தெரிய வேண்டும். அதுதான் அவர். புதுக் கயிறு வாங்கினால், முதலில் அதன் இரண்டு நுனியையும் கண்டுபிடித்துக் கையில் பிடித்துப் பார்த்துவிட்டுத்தான் காசு கொடுப்பார். டவுன் பஸ்ஸில் ஏறினால் இறங்க வேண்டிய இடத்தில் இறங்க மாட்டார். பஸ் எங்கே திரும்புகிறது என்று பார்த்துவிட்டு, அதே பஸ்ஸில் திரும்பி வருவார். திருச்செந்தூருக்கு ரயிலில் போனவர்கள் எல்லாம் இறங்கிக் கோயிலுக்குப் போனார்கள். அண்ணாச்சி மட்டும் எஞ்சினுக்கு முன்னால் நடந்து போய், தண்டவாளம் முடிகிற இடத்தில் இருக்கும் கட்டையைத் தொட்டுவிட்டு வந்து, "இனிமே சாமி கும்பிடலாம்" என்றாராம். இது அவர் சம்சாரம் சொன்னது.

ஆற்றின் கடைசியை அவர் பார்க்கப் போனபோது நானும் கூட இருந்தேன். புன்னைக்காயல் பக்கம் தாமிரபரணி கடலில் சேருகிற இடம். எல்லோரும் அங்கே நின்று அழகாக இருக்கிறது என்பார்கள். இவர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஆற்றோரமாக நடந்தார். பத்து எட்டுக்கு ஒரு தடவை குனிந்து, ஒரு கை தண்ணீர் அள்ளி வாயில் வைத்துத் துப்பினார். "இங்கன வரைக்கும் ஆறு" என்றார். இன்னும் பத்து எட்டு. "இங்கனயும் ஆறுதான், ஆனா யோசிக்கி." இன்னும் பத்து எட்டு. முகத்தைச் சுளித்தார். "இந்தா, கடல்!"

அங்கே வலை காய வைத்துக்கொண்டிருந்தவர் ஒருவர் சொன்னார், "சாயந்தரம் வந்து நக்கிப் பாரும் வே. வேற எடத்துல இருக்கும்."

அண்ணாச்சிக்கு அது பெரிய அடி. திரும்பி வரும்போது, பஸ் கொற்கைக்குப் பிரிகிற விலக்கைத் தாண்டும்போதுதான் வாய் திறந்தார். "அந்தக் காலத்துல கப்பல் வந்து நின்ன எடத்துல இப்ப வாழ நிக்கி பாரும். கடல் எந்திச்சிப் போயிட்டு. இதுக்குத்தாம்வே கடைசிய அப்பப்ப போய்ப் பாத்துக்கிடணும்ங்கது."

போர்டு விஷயத்துக்கு வருகிறேன். அப்போது எனக்கு இருபத்திரண்டு, இருபத்து மூன்று வயது இருக்கும். தொழில் பழகித் தனியாக வந்த புதுசு. டீக்கடை, சலூன் என்று சின்னச் சின்னப் போர்டுதான் எழுதியிருந்தேன். அண்ணாச்சி கூப்பிட்டு, பன்னிரண்டு அடிக்கு எட்டடி தகரப் போர்டு எழுத வேண்டும் என்றார். எனக்குக் கால் தரையில் நிற்கவில்லை. போர்டு எழுதுகிறவர்கள் வேலை முடிந்ததும் கீழே வலது மூலையில் சின்னதாகத் தங்கள் பெயரை எழுதுவார்கள். வேலை முடியாமல் பெயர் போடக் கூடாது என்பது எங்கள் வழக்கம். அவ்வளவு பெரிய தகரத்தில் என் பெயர் ஏறப்போகிறது என்று வீட்டில் அன்றைக்கே சொல்லிவிட்டேன்.

பைபாஸில் இருந்த எல்லா லாரி ஆபீஸிலும் ஒரே வாசகம்தான்: 'குமரி முதல் காஷ்மீர் வரை'. அண்ணாச்சி அதைக் காட்டிக் கேட்டார், "தெக்க வடக்கச் சொல்லிட்டாம். கெழக்க மேக்க எவன் சொல்லுவான்? பாதி நாட்ட விட்டுட்டு ஆல் இந்தியான்னு எழுதிருக்கான். நமக்கு நாலு பக்கமும் வேணும். நடுவுல இந்தியா படம். நாலு பக்கமும் நாலு கடைசி ஊரு. கெழக்குக் கடைசி எதுவே?"

எனக்குத் தெரியவில்லை. எதிர் டீக்கடை மாஸ்டர் வடையைத் திருப்பிக்கொண்டே, "கல்கத்தாவா இருக்கும் அண்ணாச்சி. மேக்க பம்பாயி" என்றார்.

"இருக்கும்னு சொல்லாதேயும். ஆமான்னு சொல்லும், இல்ல வாய மூடும்."

"அப்பிடிப் பாத்தா தெக்குக் கடைசி குமரியே கெடையாதாம். கடலுக்குள்ள நிக்கோபார்னு ஒரு தீவு இருக்காம்லா, அதுல இருக்காம்" என்றார் மாஸ்டர்.

"லாரி போவுமா அங்க?"

"கப்பல்தான்."

"அப்ப அத கப்பல்காரன் போர்டுல எழுதட்டும். நமக்குச் சக்கரம் போற வரைக்கும்தான் நாடு."

அதோடு இன்னொரு சட்டமும் போட்டார். அங்கே ஒரு ஆள் இருக்க வேண்டும், சரக்கை வாங்கி ரசீதில் கையெழுத்துப் போட வேண்டும். ஆள் இல்லாத இடம் கடைசி ஆகாது. கையெழுத்து வராத ஊர் போர்டில் ஏறாது.

பாளையங்கோட்டையில் போய்ப் பெரிய இந்தியா மேப் ஒன்று வாங்கி வந்தார். முழுக்க இங்கிலீஷ். எனக்கு அது ஓவியம் மாதிரிதான். அண்ணாச்சி கொட்டை எழுத்தை மட்டும் கூட்டிக் கூட்டி வாசிப்பார். ஆபீஸ் வாசல் கிழக்கே பார்த்தது. வடக்குச் சுவர் முழுக்கச் சாமி படமும் காலண்டரும். தெற்குச் சுவர்தான் காலி. "இங்கன அடியும்" என்றார். நான்தான் ஆணி அடித்து மேப்பை மாட்டினேன்.

இங்கே ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் ஊரில் இடது பக்கம், வலது பக்கம் என்று யாரும் சொல்வதில்லை. பந்தியில் "கொஞ்சம் மேக்க தள்ளி உக்காரும்" என்பார்கள். சலூனில்கூட "தலைய வடக்க திருப்பும்" என்றுதான். கண்ணைக் கட்டிவிட்டாலும் கிழக்கு எது என்று எங்களுக்குத் தெரியும். அதனால்தான் வினை வந்தது.

லாரியில் இருந்து கழற்றிய நட்டு ஒன்றை நூலில் கட்டி, தூக்குக்குண்டு மாதிரி மேப்பின் முன்னால் தொங்கவிட்டேன். சுவரின் கிழக்கு ஓரத்தில், அதாவது வாசல் பக்கத்தில் இருந்து, நூலைப் பைய நகர்த்திக்கொண்டே வந்தேன். நூல் எந்த இடத்தில் முதலில் படத்தைத் தொடுகிறதோ, அதுதான் கிழக்குக் கடைசி. அண்ணாச்சி மூச்சுவிடாமல் பார்த்துக்கொண்டு நின்றார். நூல் ஒரு மூக்கு மாதிரி இடத்தைத் தொட்டது. பக்கத்தில் கொட்டை எழுத்து இருந்தது. கூட்டி வாசித்தார். "கு... ஜ... ராத். குஜராத்து! கடல் ஓரம்வே. பாத்தேரா? நம்ம திருச்செந்தூர் மாதிரி. கெழக்கன்னா கடல்லதான் முடியணும்."

வாசிக்கிறவர்கள் சிரிப்பீர்கள். லாரி ஆபீஸ்காரருக்குக் குஜராத் எந்தப் பக்கம் என்று தெரியாதா? தெரியாது. திருநெல்வேலியில் இருக்கிறவனுக்குப் பம்பாயும் வடக்கு, கல்கத்தாவும் வடக்கு, டெல்லியும் வடக்கு. லாரி மதுரை ரோட்டில்தான் ஏறும். அதற்கு மேல் டிரைவர் பாடு.

அந்த வாரத்திலேயே ஏரல் பக்கத்து அம்மா ஒருத்தி வந்தாள். மார்கழி மாதம். அவள் அண்ணன் வாழைத்தார் லோடு போடுகிறவர், அதனால் பழக்கம். கையில் ஒரு கடிதம். மகன் பட்டாளத்தில் இருக்கிறான். எந்த ஊர் என்று எழுதக் கூடாதாம். கடிதத்தின் மேல் வெறும் நம்பர்தான்.

"நாட்டுக்கே கெழக்குக் கடைசியில நிக்கேன், நம்ம நாட்டுல மொதல்ல விடியுதது எனக்குத்தான், ஒரே குளுருன்னு எழுதிருக்கான் அண்ணாச்சி. கெழக்குக் கடைசின்னா எங்க? சாயந்தரம் வெளக்கு வச்சா அவன் இருக்க பக்கம் பாத்து ஒரு கும்பிடு போடலாம்னு பாக்கேன். எந்தப் பக்கம்னு தெரியல. கேட்டா ஆளுக்கு ஒண்ணு சொல்லுதாவ. நீங்கதான் எல்லாத்துக்கும் கடைசி தெரிஞ்சவகன்னு எங்க அண்ணன் சொன்னான்."

அண்ணாச்சியின் முகம் விளக்குப் போட்ட மாதிரி ஆனது. அந்தக் கேள்வியைக் கேட்க ஒரு ஆள் வந்துவிட்டதே! மேப்பின் முன்னால் அவளை நிறுத்தி, கீழே திருநெல்வேலியில் ஒரு விரல் வைத்து, அங்கிருந்து மேலே வாசல் பக்கமாகக் கையை நீட்டினார். "எக்கா, இந்தா, ஈசான மூலை. வடக்கும் கெழக்கும் சேருத மூலை. ஊரு குஜராத்து. தெனமும் அங்க பாத்துக் கும்பிடும்."

அவள் கண் கலங்கிவிட்டது. மறுவாரமே ஓலைக் கொட்டானில் கருப்பட்டி கொண்டுவந்து கொடுத்து, மகனிடம் சேர்க்க முடியுமா என்று கேட்டாள். அண்ணாச்சி தொட்டுக் கும்பிட்டு வாங்கினார். கிழக்குக் கடைசிக்குப் போகிற முதல் சரக்கு அல்லவா! அதில் மகன் கையெழுத்து வந்துவிட்டால் போர்டில் கிழக்கை எழுதிவிடலாம்.

திசையன்விளை டிரைவர் ஒருவருக்குப் பங்குனியில் அந்தப் பக்கம் தீப்பெட்டி லோடு அமைந்தது. கொட்டானையும் ரசீதையும் கொடுத்து அனுப்பினார். "குஜராத்துல எறங்கி கடைசி வரைக்கும் போ லே. நெலம் முடியுத எடத்துல பட்டாளம் நிக்கும். நம்ம ஏரல்காரப் பையன் இருப்பான்."

பன்னிரண்டாம் நாள் சாயங்காலம் ஆபீஸ் போன் அடித்தது. டிரைவர் எங்கோ ஒரு எஸ்.டி.டி. பூத்தில் நின்று கத்தியது எனக்கே கேட்டது.

"அண்ணாச்சி, கடைசி ஊருக்கு வந்துட்டேன். ஒரு சிவங்கோயில் கடலுக்குள்ள காலை நீட்டிக்கிட்டு நிக்கி. திருச்செந்தூர் மாதிரியே இருக்கு. ஆனா ஒரு சந்தேகம்."

"என்னலே?"

"கெழக்குக் கடைசின்னு சொன்னிய. இங்கன சூரியன் கடலுக்குள்ள போவுது."

"காலையில எந்திச்சிருக்கும்லா, அப்ப பாக்கலியா?"

"காலையில ஏழு மணி ஆவுது எந்திக்க. அதும் கரைப்பக்கம் இருந்து எந்திக்கி. இப்ப மணி ஏழு, இங்கன இன்னும் வெளிச்சம் கெடக்கு. அங்க எப்பிடி?"

நான் வெளியே எட்டிப் பார்த்தேன். இருட்டி, டீக்கடையில் டியூப் லைட் எரிந்தது.

"குளுருதா லே?" என்றார் அண்ணாச்சி. குரல் இறங்கிவிட்டது.

"எங்க குளுருக்கு? பகல்ல வெயில் மண்டையப் பொளக்கு. பட்டாளக்காரக இருக்காவ. ஏரல்காரன் எவனும் இல்ல. அவுகளுக்கு ஏரல்னாலே தெரியல."

"ஒரு மணி நேரம் கழிச்சுத் திரும்பக் கூப்புடு" என்று போனை வைத்தார்.

கொஞ்ச நேரம் தெற்குச் சுவரையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு மேப்பைக் கழற்றச் சொன்னார். வாசலுக்குக் கொண்டுபோய் டீக்கடை வெளிச்சத்தில் தரையில் விரித்தோம். குமரி முனை தெற்கே பார்க்கிற மாதிரி அதைத் திருப்பி வைத்தார். வைத்துவிட்டு நிமிர்ந்தார். குஜராத் மேற்கே தச்சநல்லூர் பக்கம் கிடந்தது. நாங்கள் அதுவரை மேற்குக் கடைசி என்று விட்டிருந்த மலை மூலை, கிழக்கே ரோட்டுப் பக்கம் நீட்டிக்கொண்டிருந்தது.

தெற்குச் சுவரைப் பார்த்து நின்றால் கிழக்கு நம் இடது கைப் பக்கம் வரும். மேப்பிலோ கிழக்கு வலது பக்கம். நாங்கள் சுவரின் கிழக்கையே மேப்பின் கிழக்கு என்று நம்பிவிட்டோம். வடக்குச் சுவரில் மாட்டியிருந்தால் இரண்டும் ஒன்றாகப் போயிருக்கும்.

டீக்கடை மாஸ்டர் கரண்டியோடு வந்து குனிந்து பார்த்தார். "என்ன அண்ணாச்சி, இந்தியாவையே திருப்பிப் போட்டுட்டிய?"

"மேப்புல தப்பு இல்ல வே. ஆணியிலதான் தப்பு" என்றார் அண்ணாச்சி.

ஆணி அடித்தவன் நான். அவர் என் முகத்தைப் பார்த்துவிட்டு, "அடிச்சது நீரு, அடிக்கச் சொன்னது நான். ஆணிக்கு என்ன தெரியும்? விடும்" என்றார்.

போன் மறுபடி அடித்தது. அண்ணாச்சி இப்போது கத்தினார். "ஏலே, நீ நிக்கது மேக்குக் கடைசிலே! சக்கரம் போற கடைசி ஊரு எதுன்னு விசாரி. அதுல மேக்க பாத்த கடைசி ஆளு எவன்னு கேளு. அவன்கிட்ட கொட்டானக் குடு. கையெழுத்து வாங்காம வந்திராத!"

டிரைவர் வாங்கி வந்தார். ஊரின் பெயர் குகர் மோத்தி. கொட்டானை வாங்கியது ஒரு பெட்டிக்கடைக்காரர். ரசீதில் கையெழுத்தோடு ரெண்டு வரி அவர்கள் பாஷையில் எழுதியிருந்தார். டவுனில் ஒரு சேட்டு கடையில் கொடுத்து வாசிக்கச் சொன்னோம். சேட்டு வாசித்துவிட்டுச் சிரித்தார். 'இந்தக் கறுப்பு வெல்லம் நன்றாக இருக்கிறது. மறுபடி வந்தால் கொண்டுவரவும்' என்று இருந்ததாம். தப்பாகப் போன சரக்குக்கு நல்ல கையெழுத்து வந்துவிட்டது. தெற்குக்கும் வடக்குக்கும் ரசீது முன்னாலேயே வந்து எழுதி முடித்திருந்தேன். போர்டில் மேற்கே 'குகர் மோத்தி' என்று நீலத்தில் எழுதினேன். அந்த எழுத்து இன்னும் என் கண்ணில் நிற்கிறது.

ஆனால் அண்ணாச்சிக்குச் சந்தோஷம் இல்லை. "மூணு மாசமா ஒரு தாயத் தப்பான மூலையப் பாத்துக் கும்பிட வச்சிட்டேனே வே" என்று அதையே சொல்லிக்கொண்டிருந்தார். அவர் அப்படிச் சோர்ந்து நான் பார்த்ததில்லை. கடைசியில் மேப்பைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, என்னையும் கூட்டிக்கொண்டு ஏரலுக்குப் பஸ் ஏறினார். அன்றைக்கு மட்டும் பஸ் எங்கே திரும்புகிறது என்று பார்க்கவில்லை.

அந்த அம்மா வீட்டு முற்றத்தில் மாவு சலித்துக்கொண்டிருந்தாள். அண்ணாச்சி உட்காரக்கூட இல்லை.

"எக்கா, நான் ஒம்ம மவன மாத்தி வச்சிட்டேன். குஜராத்து கெழக்கு இல்ல, மேக்கு. ஒம்ம கருப்பட்டிய எவனோ தின்னுட்டான்."

அவள் சல்லடையைக் கீழே வைத்தாள். "தின்னவுக என்ன சொன்னாவ?"

"நல்லாருக்காம். இன்னும் வேணுமாம்."

"அப்ப சரி. சீரகமும் சுக்கும் போட்டுக் காய்ச்சினதுல்லா" என்று சொல்லிவிட்டு, ஒரு நிமிஷம் கழித்துத்தான் அவள் முகம் மாறியது. "அப்ப எம் மவன் எங்க அண்ணாச்சி இருக்கான்? நான் அந்தத் தென்ன மரத்தப் பாத்துல்லா தெனமும் கும்பிடுதேன்?"

அண்ணாச்சி முற்றத்தில் மேப்பை விரித்தார். குமரியைத் தெற்கே திருப்பினார். நூல்கண்டை எடுத்து, ஒரு நுனியைத் திருநெல்வேலியில் வைத்து என் கட்டைவிரலால் அழுத்தச் சொன்னார். மறு நுனியைக் கிழக்குக் கடைசி மலை மூலை வழியாக இழுத்துக்கொண்டு, மேப்பைப் பார்த்தபடி பின்னாலேயே நடந்து முற்றத்தைத் தாண்டிப் போனார். போய்க்கொண்டே இருந்தவர் சட்டென்று நின்றார். அவர் முதுகு ஒரு மரத்தில் முட்டியிருந்தது.

அது அந்தத் தென்னை மரம்.

அந்த அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "நான் சரியாத்தான் கும்பிட்டிருக்கேன். நீங்கதான் ஊர மாத்திட்டிய."

பஸ்ஸில் திரும்பும்போது அண்ணாச்சி மண்டையை உடைத்துக்கொண்டார். "ஊரு தப்பு. தெச மட்டும் எப்பிடிவே சரியா இருந்துச்சு?"

எனக்கு விடை தெரிந்திருந்தது. சொல்ல வெட்கம். ஸ்ரீவைகுண்டம் தாண்டித்தான் தைரியம் வந்தது. "அண்ணாச்சி, நீங்க மேப்பப் பாத்துத் தெச சொல்லல. வாசலப் பாத்துச் சொன்னிய. மேப்பு எப்பிடி மாட்டுனாலும் வாசல் கெழக்கதான இருக்கு?"

அவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். "அஞ்சாங்கிளாஸா நீரு? பொய் சொல்லாதேயும்" என்றார். என் வாழ்க்கையில் ஒருவர் என்னைப் பாராட்டியது என்றால் அதுதான்.

அந்த அம்மா கொடுத்த இரண்டாவது கொட்டான், அசாமுக்குப் போன உப்பு லாரியில் ஏறியது. அதற்கு மேல் நம் லாரி போக அனுமதி இல்லை. அங்கே தமிழ் பேசுகிற பட்டாள லாரி டிரைவர் ஒருவரைக் கண்டுபிடித்து, கடிதத்தில் இருந்த நம்பரைக் காட்டி, கொட்டானை ஏற்றிவிட்டு வந்தார்கள். நாலு மாதம் ஒரு தகவலும் இல்லை. தினமும் தபால்காரர் வந்தால் அண்ணாச்சி எழுந்து நிற்பார். மாஸ்டர், "வாரது கரண்டு பில்லு அண்ணாச்சி, உக்காருங்க" என்பார். ஐந்தாம் மாதம் ரசீது வந்தது. மகன் கையெழுத்து, கீழே தமிழில் 'கிடைத்தது. எட்டுப் பேர் பங்கு போட்டோம். அம்மாவிடம் சொல்லவும்'. ஊர்ப் பெயர் மட்டும் இல்லை. எழுதக் கூடாதே.

"மேக்க இருந்து வந்தது ஊரு தெரிஞ்சுது, எழுத்துப் புரியல. கெழக்க இருந்து எழுத்துப் புரியுது, ஊரு தெரியல" என்று அண்ணாச்சி தலையில் கை வைத்துக்கொண்டார். மேப்பில் அந்த மூலையில் அச்சடித்த பெயரும் இல்லை. பக்கத்து ஊர் எதையாவது எழுதிவிடலாம் என்று பலரும் சொன்னார்கள். அவர் கேட்கவில்லை. பன்னிரண்டு அடித் தகரம், கிழக்குப் பக்கம் மட்டும் மொட்டையாக, ஒரு வருஷத்துக்கு மேல் ஆபீஸுக்குள் சாய்ந்து கிடந்தது. என் பெயரும் ஏறவில்லை. வீட்டில் கேட்டுக் கேட்டுக் கேட்பதை விட்டுவிட்டார்கள்.

ஒருநாள் காலையில் அந்த அம்மா மகனைக் கூட்டிக்கொண்டு வந்து நின்றாள். ஒடிசலான பையன். விடுமுறையில் வந்திருந்தான்.

"இப்ப என்னப் பஞ்சாப்புக்கு மாத்தியாச்சு அண்ணாச்சி. பழைய ஊரச் சொன்னா குத்தம் இல்ல" என்று சிரித்தான். மேப்பு இப்போது வடக்குச் சுவரில் இருந்தது. சாமி படமெல்லாம் தெற்கே போயிருந்தது. அவன் கிழக்கு மூலையில் விரல் வைத்தான். "கிபித்து."

"அதுக்கும் கெழக்க?"

"கொஞ்சம் மலை. பொறவு அடுத்த நாடு."

"கடல் இல்லியா?"

"ஒரு ஆறு இருக்கு. நம்ம தாமிரவருணி மாதிரி சும்மா போவாது. பாறையப் பொரட்டிக்கிட்டே போவும். மார்கழியில நாலரை மணிக்கெல்லாம் இருட்டிரும். ஆனா சித்திர வைகாசியில இங்க நீங்க எந்திக்க முன்னால நாங்க பல்லு வெளக்கி, காப்பி குடிச்சு முடிச்சிருவோம்."

"கடல் இல்லாமயும் ஒரு நாடு முடியுது பாத்தேரா" என்று அண்ணாச்சி என்னிடம் மெதுவாகச் சொன்னார்.

உடனே பெயின்ட் டப்பாவைத் திறந்தேன். கிபித்து. நாலே எழுத்து. சிவப்பில் எழுதினேன். என் வாழ்க்கையில் அவ்வளவு பேர் பார்க்க எழுதியது இல்லை. அந்த அம்மாவுக்கு வாசிக்கத் தெரியாது. நான் எழுதி முடித்ததும், "இதா எம் மவன் இருந்த ஊரு?" என்று கேட்டுக்கொண்டே விரலால் தொட்டுவிட்டாள். பெயின்ட் ஈரம். பதறிக் கையை எடுத்தபோது, அந்தச் சிவப்பு விரல் படத்தின் கிழக்கு நுனியில் ஒரு பொட்டு வைத்துவிட்டது. நான் புள்ளி வைக்க வேண்டும் என்று பென்சிலால் குறித்து வைத்திருந்த அதே இடம்.

"ஐயோ, கெடுத்துட்டேனே" என்றாள்.

நான் துடைக்கத் துணி எடுத்தேன். அண்ணாச்சி என் கையைப் பிடித்துக்கொண்டார். குனிந்து பார்த்தார். விரல் ரேகை கோடு கோடாகத் தெரிந்தது.

"அழிச்சிராதேயும். கைநாட்டு வந்துட்டுவே" என்றார். "சரக்கு சேந்துட்டு."

போர்டை ஆபீஸ் முகப்பில் மாட்டவில்லை. முகப்பில் மாட்டினால் படத்தின் கிழக்கு நிஜமான வடக்கைப் பார்க்கும். ஒரு தடவை பட்டது போதும் என்று, பக்கவாட்டில் தெற்கே பார்த்த வெளிச்சுவரில் மாட்டினார். குமரியில் இருந்து வருகிற லாரிக்காரர்களுக்கு மட்டும்தான் அது தெரியும். "கல்யாண வீட்டுல கொல்லப்பக்கம் பந்தல் போட்ட மாதிரி இருக்கு" என்றார் மாஸ்டர். அண்ணாச்சி கவலைப்படவில்லை. படத்தில் கிழக்கு கிழக்கே இருந்தது. அவருக்கு அது போதும்.

மாட்டி முடித்து ஏணியில் நின்றபடி, கீழே வலது மூலையில் என் பெயரைச் சின்னதாக எழுதினேன். அண்ணாச்சி கீழே நின்று நூல்கண்டை எடுத்தார். நட்டைக் கட்டிக் கண்ணுக்கு நேரே தொங்கவிட்டு, கிழக்கு ஓரத்தில் இருந்து பைய நகர்த்தினார். நூல் முதலில் என் பெயரைத் தொட்டது. அப்புறம்தான் கிபித்து.

"பாரும்வே," என்று அண்ணாந்து சிரித்தார். "கிபித்துக்கும் கெழக்க நீருதான் நிக்கேரு."

அவரை நினைக்கும்போதெல்லாம் அந்தச் சிரிப்புதான் வருகிறது. வருஷத்தில் இரண்டு நாள்தான் சூரியன் நேர்கிழக்கில் உதித்து நேர்மேற்கில் விழும், பங்குனியில் ஒன்று, புரட்டாசியில் ஒன்று என்று அவர்தான் சொல்லிக் கொடுத்தார். அந்த இரண்டு நாளும் ஆபீஸ் தரையில் நூல் கட்டி, கிழக்கு நகராமல் இருக்கிறதா என்று சரிபார்ப்பார். இன்று காலை என் வீட்டு வாசலில் ஒரு ஆணி அடித்து, கிழக்கு மேற்காக நூல் கட்டி நானும் பார்த்தேன். நிழல் நூலின் மேலேயே விழுந்தது. உடனே உள்ளே வந்து நோட்டை எடுத்துவிட்டேன். வேலை முடிந்தது என்றால் போட வேண்டியதைத் தாளின் கிழக்குக் கடைசியில், கீழே வலது மூலையில் போடுகிறேன்.

புரட்டாசி 6